எண்ணிக்கையை வெல்லப் புறப்பட்ட பேருருவம்: யமாட்டோ வகைப் போர்க்கப்பல்களின் எழுச்சியும் அழிவும்

யமாட்டோ, முசாஷி, ஷினானோ ஆகிய மூன்று ஜப்பானியக் கப்பல்களும் ஒரே வரைபடத்தில் பிறந்தவை. முதல் இரண்டும் உலகம் அதுவரை கண்டிராத, அதற்குப் பிறகும் காணாத பெரும் போர்க்கப்பல்களாயின. மூன்றாவது, கட்டுமானம் பாதியில் இருக்கும்போதே விமானந்தாங்கியாக மாற்றப்பட்டது. 1944 அக்டோபர் 24-க்கும் 1945 ஏப்ரல் 7-க்கும் இடையே, ஆறு மாதத்துக்குள், மூன்றுமே கடலடிக்குப் போய்விட்டன. எந்த எதிரிப் போர்க்கப்பலோடு மோதுவதற்காகக் கட்டப்பட்டனவோ, அதை இவற்றில் ஒன்றுகூட நேருக்கு நேர் சந்திக்கவில்லை. யமாட்டோவின் பெரும் பீரங்கிகள் எதிரிக் கப்பல்களை நோக்கி முழங்கியது போர் முழுவதிலும் ஒரே ஒரு காலைப்பொழுதில்தான். இதற்குப் பொதுவாகச் சொல்லப்படும் காரணம் சுருக்கமானது: விமானம் வந்தது, போர்க்கப்பலின் காலம் முடிந்தது, ஜப்பான் அதை உணரவில்லை. இதில் உண்மை இருக்கிறது. ஆனால் பாதி உண்மைதான். கடற்போரில் விமானத்தின் வலிமையை உலகுக்கே நிரூபித்துக் காட்டியது இதே ஜப்பானியக் கடற்படை. அதை அறிந்தவர்களே ஏன் இப்படிக் கட்டினார்கள், கட்டியதை ஏன் பயன்படுத்தாமல் வைத்திருந்தார்கள், கடைசியில் ஏன் சாவுக்கென்றே அனுப்பினார்கள் என்ற மூன்று கேள்விகளுக்கும் அந்த விளக்கத்தில் விடை இல்லை. மூன்றுக்கும் விடை ஒன்றே என்பது என் முடிவு. எண்ணிக்கையில் ஈடுகொடுக்க முடியாத ஒரு நாடு, அந்தக் குறையை ஒரே பொருளின் பருமனால் ஈடுகட்டிவிடலாம் என்று கணக்குப் போட்டது. அந்தக் கணக்கின் பிழைதான் இக்கப்பல்களின் பிறப்பையும் இருப்பையும் முடிவையும் தீர்மானித்தது.

கணக்கின் வேர் 1905 மே மாதத்தில் இருக்கிறது. ரஷ்யாவின் பால்டிக் படை பாதி உலகைச் சுற்றிக்கொண்டு சுஷிமா நீரிணைக்கு வந்தபோது, ஹெய்ஹாசிரோ டோகோ தலைமையில் காத்திருந்த ஜப்பானியக் கப்பல்கள் இரண்டே நாளில் அதை ஏறக்குறைய முழுவதுமாக அழித்தன. போர் அதோடு முடிவை நோக்கித் திரும்பியது. இந்த வெற்றியிலிருந்து ஜப்பானியக் கடற்படை கற்றுக்கொண்ட பாடம், ஒரே பெருஞ்சமரில் ஒரு போரையே முடித்துவிடலாம் என்பது. கடலாதிக்கம் என்பது பெருங்கப்பல்கள் மோதும் தீர்மானச் சமரில் பிறக்கிறது என்ற அமெரிக்கர் ஆல்ஃபிரட் மஹானின் கருத்தும் அவர்களுக்குத் துணையாயிற்று. 1907 முதல் கடற்படையின் திட்டங்களில் அமெரிக்காவே கற்பனை எதிரி. அமெரிக்கப் படை பசிபிக்கைக் கடந்து வரும்; வழியில் நீர்மூழ்கிகளும் நாசகாரிகளும், பின்னாளில் விமானங்களும், அதைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தேய்க்கும்; ஜப்பானை நெருங்கும் வேளையில் போர்க்கப்பல்கள் வரிசையாக வந்து முடித்துவைக்கும். இந்தத் திட்டம் பலிக்க, அமெரிக்காவின் கப்பல் வலிமையில் எழுபது சதவீதமாவது தன்னிடம் இருக்க வேண்டும் என்று ஜப்பானியக் கடற்படை கருதியது. அந்த எழுபது என்ற எண் நாளடைவில் விவாதத்துக்கே இடமில்லாத நம்பிக்கையாக இறுகிவிட்டது.

1922-இல் வாஷிங்டனில் கையெழுத்தான ஒப்பந்தம் அந்த நம்பிக்கையின் மீது விழுந்த அடி. அமெரிக்கா, பிரிட்டன், ஜப்பான் மூன்றுக்கும் போர்க்கப்பல் எடையில் 5:5:3 என்ற விகிதம் வகுக்கப்பட்டது. எழுபது கேட்ட ஜப்பானுக்கு அறுபது கிடைத்தது. எந்தப் போர்க்கப்பலும் 35,000 டன்னைத் தாண்டக் கூடாது, பீரங்கியின் வாய் 16 அங்குலத்தை மீறக் கூடாது என்பவையும் விதிகள். தூதுக்குழுவில் இருந்த இரண்டு கடற்படைத் தளபதிகளின் பார்வை இங்கே பிரிந்தது. இளையவரான கான்ஜி கட்டோ இதை அவமானமாகக் கருதினார். கடற்படை அமைச்சர் தோமோசபுரோ கட்டோ வேறு கோணத்தில் பார்த்தார். அன்று ஜப்பானின் அரசுச் செலவில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கைக் கடற்படையே விழுங்கிக்கொண்டிருந்தது. பணமில்லாமல் போரில்லை, போட்டி தொடர்ந்தால் அமெரிக்கா கட்டிக்கொண்டே போகும், ஜப்பான் நொடித்துப்போகும். ஆகவே அந்த விகிதம் ஜப்பானின் காலில் மாட்டிய விலங்கு என்பதைவிட, அமெரிக்காவின் கையில் மாட்டிய விலங்கு என்பதே பொருத்தம். பிலிப்பைன்ஸ், குவாம் ஆகிய இடங்களின் அரண்களை மேலும் வலுப்படுத்துவதில்லை என்ற உறுதியையும் அமெரிக்கா அதே ஒப்பந்தத்தில் தந்தது. மூத்த கட்டோ 1923-இல் இறந்தார். அவருடைய கணிப்பும் மெல்ல மெல்லக் கடற்படையிலிருந்து மறைந்தது. 1934 டிசம்பரில் ஜப்பான் ஒப்பந்தத்திலிருந்து விலகுவதாக அறிவித்தது. 1936 முடிவில் கட்டுப்பாடுகள் காலாவதியாயின. தன்னைக் காத்துவந்த வேலியைத் தானே பிடுங்கி எறிந்த பிறகுதான், வேலி இல்லாத வயலை எப்படிக் காப்பது என்ற கேள்வி ஜப்பானுக்கு எழுந்தது.

அதற்குக் கண்ட விடைதான் யமாட்டோ. விடையின் உள்ளே இருந்த தர்க்கம் கூர்மையானது என்பதை மறுப்பதற்கில்லை. அமெரிக்கக் கப்பல்கள் அட்லாண்டிக்கிலிருந்து பசிபிக்குக்கு வர பனாமா கால்வாய் வேண்டும். அதன் மடைகளின் அகலம் 33.5 மீட்டர். அந்த அகலத்துக்குள் அடங்கும் கப்பலில் 18 அங்குல வகைப் பீரங்கிகளை ஏற்றுவது கடினம். எனவே ஜப்பான் அத்தகைய பீரங்கிகளோடு ஒரு கப்பலைக் கட்டினால், அமெரிக்கா ஒன்று கால்வாயை இழக்க வேண்டும், அல்லது பீரங்கியில் பின்தங்க வேண்டும். 1935-இல் தொடங்கி இருபதுக்கும் மேற்பட்ட வரைவுகள் போடப்பட்டன. கெய்ஜி ஃபுகுடாவும் மூத்த கப்பற்பொறியாளர் யுஸுரு ஹிராகாவும் அவற்றைச் செதுக்கினார்கள். இறுதியில் உருவான கப்பல் 263 மீட்டர் நீளம், ஏறத்தாழ 39 மீட்டர் அகலம், முழுச்சுமையில் சுமார் 72,000 டன் எடை கொண்டது. மூன்று கூண்டுகளில் ஒன்பது 46 செ.மீ. பீரங்கிகள். ஒரு கூண்டின் எடை மட்டுமே 2,500 டன், அதாவது அன்றைய ஒரு நாசகாரிக் கப்பலின் எடை. ஒரு குண்டு 1,460 கிலோ. நீர்மட்டப் பக்கக் கவசம் 41 செ.மீ., கூண்டின் முகக் கவசம் 65 செ.மீ. தடிப்புள்ள எஃகு. உள்ளே ஆயிரத்துக்கும் மேற்பட்ட நீர்புகா அறைகள். யமாட்டோ 1937 நவம்பரில் குரே கடற்படைத் தளத்திலும், முசாஷி 1938 மார்ச்சில் நாகசாகி மிட்சுபிஷி தளத்திலும், ஷினானோ 1940 மேயில் யோகொசுகாவிலும் தொடங்கப்பட்டன.

பீரங்கியின் எட்டுத்தொலைவைக் கொஞ்சம் நெருங்கிப் பார்த்தால் கணக்கின் முதல் ஓட்டை கண்ணில் படும். யமாட்டோவின் குண்டு 42 கிலோமீட்டர் பாயும். எதிரி தன் பீரங்கியைத் திருப்பும் முன்பே, அவனுடைய எட்டுத்தொலைவுக்கு வெளியே நின்று அடிக்கலாம் என்பதே மொத்தத் திட்டத்தின் உயிர்நாடி. ஆனால் 42 கிலோமீட்டரைக் கடக்க அந்தக் குண்டுக்கு ஒன்றரை நிமிடம் பிடிக்கும். இலக்கும் நின்ற இடத்தில் நிற்காது. முழு வேகத்தில் ஓடும் கப்பல் அதற்குள் ஒரு கிலோமீட்டருக்கும் மேல் விலகியிருக்கும். கடலின் வளைவு காரணமாக, மேல்தளக் கோபுரத்தில் இருந்த 15 மீட்டர் அகலத் தொலைவுமானிக்கும்கூட அந்தத் தூரத்தில் எதிரியின் உடற்பகுதி தெரியாது. குண்டு எங்கே விழுந்தது, முன்னே தள்ள வேண்டுமா பின்னே இழுக்க வேண்டுமா என்று சொல்ல வானில் ஒரு விமானம் நிலையாகச் சுற்றிக்கொண்டிருக்க வேண்டும். அந்த விமானம் சுடப்படாமல் சுற்ற வேண்டுமென்றால் அந்த வானம் ஏற்கெனவே ஜப்பானுடையதாக இருக்க வேண்டும். வானமே தன்னுடையது என்றால், எதிரிக் கப்பலை விமானத்தாலேயே முடித்துவிடலாமே! யமாட்டோவின் தனிப்பெரும் சிறப்பு, அந்தச் சிறப்புக்கே தேவை இல்லாத ஒரு சூழலில் மட்டும் செயல்படக்கூடியது. விமானம் போர்க்கப்பலுக்குப் போட்டியாக வெளியிலிருந்து வந்தது என்று எண்ணுகிறோம். இங்கே போர்க்கப்பலின் சொந்தக் கணக்கின் உள்ளேயே விமானம் உட்கார்ந்திருந்தது.

இரண்டாவது ஓட்டை, இரகசியம். கட்டுமானத்தை மறைக்க ஜப்பான் எடுத்துக்கொண்ட பாடு அசாதாரணமானது. நாகசாகியில் கப்பல்தளம் மலைச்சரிவுகள் சூழ்ந்த துறைமுகத்தில், ஊரின் கண்ணெதிரே இருந்தது; பிரிட்டிஷ், அமெரிக்கத் துணைத்தூதரகங்களும் அருகிலேயே இருந்தன. ஒருவகைப் பனைநாரில் திரித்த கயிற்றுத் திரைகளால் முழுத் தளத்தையும் மூடினார்கள். அதற்கு ஏறத்தாழ 400 டன் கயிறு வேண்டியிருந்தது. வலைக்கும் படகுக்கும் அதே நாரை நம்பியிருந்த மீனவர்கள், சந்தையிலிருந்து கயிறு திடீரென்று எங்கே போயிற்று என்று தெரியாமல் தவித்தார்கள். துணைத்தூதரகத்தின் பார்வையை மறைக்க ஒரு கிடங்கே எழுப்பப்பட்டது. 1940 நவம்பர் 1-இல் முசாஷியைத் தண்ணீரில் இறக்கிய அன்று, வான்தாக்குதல் ஒத்திகை என்று சொல்லி ஊரை வீட்டுக்குள் அடைத்தார்கள். அந்தப் பாரம் இறங்கிய வேகத்தில் ஒரு மீட்டருக்கும் மேல் அலை எழும்பி, எதிர்க்கரை வீடுகளுக்குள் தண்ணீர் புகுந்தது. பீரங்கியின் உண்மை அளவு வெளியே தெரியாதபடி ஆவணங்களில் அது 40 செ.மீ. என்றே குறிக்கப்பட்டது. இரகசியம் வென்றது, போர் முடியும் வரை அமெரிக்கர்களுக்கு அந்த அளவு உறுதியாகத் தெரியாது. ஆனால் அந்த வெற்றியிலேயே தோல்வியும் இருந்தது. எதிரியை அச்சுறுத்திப் பின்வாங்கச் செய்வது பெரிய ஆயுதத்தின் முதற்பயன். இருப்பதே தெரியாத கப்பலைக் கண்டு யார் பின்வாங்குவார்கள்? ஜப்பானிய மக்களுக்கே போர்க்காலம் முழுவதும் பழைய நாகாட்டோவும் முட்சுவும்தான் பெருமைக்குரிய பெயர்கள். யமாட்டோவின் பெயரை அவர்களில் பெரும்பாலோர் கேள்விப்பட்டது அது மூழ்கிய பிறகுதான்.

இங்கே ஒரு நியாயமான மறுப்பு எழும். இன்று உட்கார்ந்துகொண்டு அன்றைய மனிதர்களைக் குறைசொல்வது எளிது. அந்தக் காலத்தில் எல்லா நாடுகளும் போர்க்கப்பல் கட்டத்தானே செய்தன? அமெரிக்கா பத்து வேகப் போர்க்கப்பல்களைக் கட்டியது, பிரிட்டன் ஐந்தாம் ஜார்ஜ் வகையில் ஐந்தைக் கட்டியது, ஜெர்மனியும் இத்தாலியும் கட்டின. போதாததற்கு, யமாட்டோவுக்கும் முசாஷிக்கும் பணம் ஒதுக்கிய அதே 1937 திட்டத்தில்தான் ஷோகாகு, சுய்காகு என்ற இரண்டு சிறந்த விமானந்தாங்கிகளும் ஒதுக்கப்பட்டன. ஜப்பான் விமானத்தை மறந்துவிடவில்லை. இந்த மறுப்பை நான் ஏற்கிறேன். அதனால்தான் அறியாமை என்ற விளக்கம் போதாது என்கிறேன். எதிர்ப்புக் குரல்களும் அப்போதே இருந்தன. 1935 இறுதியில் கடற்படை விமானத்துறையின் தலைவரான இசொரொக்கு யமமோட்டோ பெருங்கப்பல் திட்டத்தை எதிர்த்து வாதாடினார். அதே பதவிக்குப் பின்னாளில் வந்த ஷிகெயோஷி இனோவே 1941 ஜனவரியில் அமைச்சருக்கு அளித்த அறிக்கையில் இன்னும் ஆழமாகப் போனார்: கப்பலுக்குக் கப்பல் கட்டிப் போட்டிபோட்டு அமெரிக்காவை வெல்ல வழியே இல்லை, பெருங்கப்பல்கள் பயன்படப்போவதில்லை, விமானமும் நீர்மூழ்கியும் சரக்குக் கப்பல்களின் பாதுகாப்புமே ஜப்பானுக்கு வேண்டியவை. அமெரிக்கா இரண்டையும் கட்டியது, ஏனென்றால் அந்நாட்டால் இரண்டையும் கட்ட முடிந்தது. 1940 ஜூலையில் இரு பெருங்கடல் கடற்படைச் சட்டத்தை நிறைவேற்றித் தன் படையை எழுபது சதவீதம் பெருக்க முனைந்தது. போர் முடிவதற்குள் எசெக்ஸ் வகைப் பெரும் விமானந்தாங்கிகள் 17 பணிக்கு வந்தன. பிரிட்டனுக்குக் கொடுத்தவையும் சேர்த்து நூற்றுக்கும் மேற்பட்ட சிறு விமானந்தாங்கிகள் அதன் தளங்களிலிருந்து இறங்கின. ஒப்பந்தத்தின் அறுபது சதவீதம் ஜப்பானுக்கு எவ்வளவு பெரிய சலுகையாக இருந்தது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. விரலுக்குத் தகுந்த வீக்கம் வேண்டும் என்பது நம் பழமொழி. மற்ற நாடுகளும் போர்க்கப்பல் கட்டின என்பது சரி. தன் பலக்குறைவுக்கு மாற்றாக அதை நம்பியது ஜப்பான்தான்.

போர் தொடங்கியதும் சான்றுகள் வரிசைகட்டி வந்தன. 1941 டிசம்பர் 7-இல் பேர்ல் துறைமுகம். மூன்று நாள் கழித்து மலாயாவின் கிழக்குக் கரையில், குவாந்தானுக்கு அப்பால், பிரிட்டனின் பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ், ரிபல்ஸ் என்ற இரு பெருங்கப்பல்களையும் சைகோன் பக்கத்துத் தளங்களிலிருந்து கிளம்பிய ஜப்பானிய விமானங்கள் மூழ்கடித்தன. திறந்த கடலில் ஓடிக்கொண்டும் திருப்பிச் சுட்டுக்கொண்டும் இருந்த போர்க்கப்பல்கள் விமானங்களால் மட்டுமே அழிக்கப்பட்டது அதுவே முதல்முறை. யமாட்டோ பணியில் சேர்க்கப்பட்டது அதற்கு ஆறு நாள் கழித்து, டிசம்பர் 16 அன்று. 1942 ஏப்ரலில் நகுமோவின் விமானந்தாங்கிப் படை இந்தியப் பெருங்கடலுக்குள் வந்து 5-ஆம் தேதி கொழும்பையும், 9-ஆம் தேதி திருகோணமலையையும் தாக்கியது. மட்டக்களப்புக்கு அப்பால் பிரிட்டனின் ஹெர்மிஸ் என்ற விமானந்தாங்கியை மூழ்கடித்தது. அந்த நாட்களில் சென்னையை விட்டு மக்கள் கூட்டம் கூட்டமாக வெளியேறியது ஜப்பானின் விமானங்களை நினைத்த அச்சத்தில்தான். ஆக ஜப்பானின் கை ஓங்கியிருந்த அந்த ஆறு மாதமும் ஓங்கியது விமானத்தின் கை. ஜூனில் மிட்வேக்கு அருகே நான்கு விமானந்தாங்கிகள் அழிந்தபோது, அப்போது படைத்தலைவராக இருந்த யமமோட்டோவின் கொடிக்கப்பலாகிய யமாட்டோ அவற்றுக்கு முந்நூறு மைல் பின்னால் வந்துகொண்டிருந்தது. முன்னணியில் மோத வேண்டியவை எவை, பின்னால் பாதுகாக்கப்பட வேண்டியவை எவை என்ற வரிசை தலைகீழாக இருந்தது. பெருங்கப்பல் திட்டத்தை எதிர்த்த யமமோட்டோவே அந்தக் கப்பலில் இருந்துகொண்டு அந்த வரிசையை மாற்றவில்லை என்பது, பழைய கோட்பாடு எவ்வளவு ஆழமாக ஊறியிருந்தது என்பதைக் காட்டுகிறது.

அடுத்த கட்டம் குவாடல்கனால். 1942 ஆகஸ்டிலிருந்து அரையாண்டு காலம் அந்தத் தீவைச் சுற்றி இரவுபகலாகச் சண்டை நடந்தது. யமாட்டோ அதே ஆகஸ்ட் இறுதியில் ட்ரக் தீவுக்கு வந்து, 1943 மே வரை பெரும்பாலும் நங்கூரத்திலேயே கிடந்தது. குளிர்சாதன அறைகளும் நல்ல சாப்பாடும் இருந்ததால், போர்முனையில் சாகும் மாலுமிகள் அதை 'யமாட்டோ ஓட்டல்' என்றார்கள். சண்டைக்குப் போனவை முதல் உலகப் போர்க்காலத்தில் பிறந்து புதுப்பிக்கப்பட்ட கோங்கோ வகைக் கப்பல்கள். அக்டோபர் 13 இரவு கோங்கோவும் ஹருணாவும் தீவின் விமானதளத்தைக் குண்டுமழையால் ஏறத்தாழ முடக்கிப்போட்டன. நவம்பரில் ஹியேயும் கிரிஷிமாவும் அங்கேயே அழிந்தன. யமாட்டோவையும் அங்கே இறக்கியிருந்தால் போரின் போக்கு மாறியிருக்குமே என்பது இன்றும் பலர் முன்வைக்கும் வாதம். குறை கப்பலில் இல்லை, அதைப் பதுக்கிவைத்த தளபதிகளிடம்தான் என்பது அதன் சாரம். ஆனால் பதுக்கிவைத்தது தற்செயலன்று. எரியெண்ணெய்க்கு அமெரிக்காவையே பெரிதும் நம்பியிருந்த நாடு ஜப்பான். 1941 ஆகஸ்டில் அந்த வரத்து நின்றது. யானையைக் கட்டித் தீனி போடுவது போல, இந்தக் கப்பலை ஒருமுறை நகர்த்துவதற்கே பல நாசகாரிகளின் எண்ணெய் வேண்டும். அதைவிட முக்கியமானது, குவாடல்கனாலின் குறுகிய நீர்ப்பரப்பில், இரவில், சில ஆயிரம் மீட்டர் தூரத்தில் நடந்த சண்டையில் 42 கிலோமீட்டர் பீரங்கிக்கு என்ன வேலை? கிரிஷிமாவை இருட்டில் வீழ்த்தியது ரேடாரின் துணையோடு சுட்ட வாஷிங்டன் என்ற போர்க்கப்பல். இரண்டே இரண்டு கப்பல்களில் நாட்டின் நம்பிக்கை முழுவதையும் ஏற்றிவைத்த பிறகு, ஒரு தீவின் விமானதளத்துக்காக அவற்றில் ஒன்றைப் பணயம் வைக்க எந்தத் தளபதிக்கும் மனம் வராது. எண்ணிக்கைக்கு மாற்றாகப் பருமனை நாடியதன் நேர்விளைவு இது. பத்தில் ஒன்றை இழக்கலாம். இரண்டில் ஒன்றை இழக்க முடியாது. இழக்க முடியாத ஆயுதத்தைப் பயன்படுத்தவும் முடியாது.

பயன்படுத்தியே ஆக வேண்டிய நேரம் வந்தபோது காலம் கடந்திருந்தது. 1944 அக்டோபரில் அமெரிக்கர்கள் பிலிப்பைன்ஸின் லெய்ட்டேயில் இறங்கினார்கள். அத்தீவுகளை இழந்தால் தெற்கிலிருந்து வரும் எண்ணெயும் நின்றுவிடும். யமாட்டோவும் முசாஷியும் தளபதி குரிட்டாவின் தலைமையில், தலைக்கு மேல் விமானப் பாதுகாப்பு ஏறக்குறைய இல்லாமலே புறப்பட்டன. அக்டோபர் 24 காலை முதல் மாலை வரை சிபுயான் கடலில் முசாஷியின் மீது அலையலையாகத் தாக்குதல் நடந்தது. பத்தொன்பது டார்பிடோக்களும் பதினேழு குண்டுகளும் தாக்கியதாகக் கணக்கு. மற்றப் பெரும்பாலான கப்பல்கள் அதில் பாதியைக்கூடத் தாங்கியிருக்கா. கட்டியவர்களின் கைத்திறனுக்கு அது சான்று. அந்தத் திறன் தந்தது சில மணி நேரத்தை மட்டுமே என்பதற்கும் அதுவே சான்று. அன்று இரவு விழும் வேளையில் கப்பல் கவிழ்ந்தது. கேப்டன் இனோகுச்சி உட்பட ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் மாண்டார்கள். மறுநாள் காலை சமார் தீவுக்கு அப்பால் யமாட்டோவுக்கு அதன் வாழ்நாளின் ஒரே வாய்ப்பு கிடைத்தது. எதிரே இருந்தவை ஆறு சிறு விமானந்தாங்கிகளும் ஏழு காவல் கப்பல்களும் மட்டுமே. அந்தச் சிறு கப்பல்கள் புகைத்திரை விரித்து, திரும்பி வந்து டார்பிடோக்களை ஏவின. இருபக்கமும் டார்பிடோக்கள் ஓடிவர, அவற்றின் நடுவே சிக்கிய யமாட்டோ வடக்கே திரும்பி, ஏறத்தாழ பத்து நிமிடம் சண்டையிலிருந்து விலகி ஓட நேர்ந்தது. அமெரிக்கர்கள் பீரங்கிச் சண்டையில் ஒரு விமானந்தாங்கியையும் மூன்று காவல் கப்பல்களையும் இழந்தார்கள். குரிட்டாவோ மூன்று கனரகக் குரூசர்களை இழந்து பின்வாங்கினார். பல சிறியவை சேர்ந்து ஒரு பெரியதைத் திகைக்கவைக்கும் என்பதற்கு, இந்தக் கப்பல்களின் வரலாற்றில் இதைவிடத் தெளிவான காட்சி இல்லை.

மூன்றாவது கப்பலான ஷினானோவின் கதை குறுகியது. மிட்வே இழப்பை ஈடுகட்ட விமானந்தாங்கியாக மாற்றப்பட்ட அது, 1944 நவம்பர் 19-இல் பணியில் சேர்ந்தது. நீர்புகா ஏற்பாடுகள் பல முழுமையடையாத நிலையில், பழக்கமற்ற மாலுமிகளோடு 28-ஆம் தேதி மாலை யோகொசுகாவை விட்டுக் கிளம்பியது. மறுநாள் விடியும் முன் ஆர்ச்சர்ஃபிஷ் என்ற ஒரே ஒரு நீர்மூழ்கியின் நான்கு டார்பிடோக்கள் தாக்க, முற்பகலில் மூழ்கியது. பிறந்து பத்தே நாள். மாற்றப்பட்டபோதும் பருமன் அதைக் காக்கவில்லை என்பதே நாம் கவனிக்க வேண்டியது. இனோவே சொன்ன பாதுகாப்பு, அதாவது நீர்மூழ்கிகளை எதிர்க்கும் சிறு கப்பல்களும் தேர்ந்த ஆட்களும், போதிய அளவில் இல்லாத கடலில் எவ்வளவு பெரிய கப்பலும் ஒரு இலக்குத்தான்.

இனி 1945 ஏப்ரல். அமெரிக்கர்கள் முதல் தேதி ஒகினாவாவில் இறங்கியிருந்தார்கள். கடற்படையில் மிச்சமிருந்த கப்பல்களுக்கு எண்ணெய் இல்லை. யமாட்டோ, யஹாகி என்ற குரூசர், எட்டு நாசகாரிகள் ஆகியவை விமானத் துணையில்லாமல் ஒகினாவாவுக்குப் போக வேண்டும். அங்கே கரையில் தரைதட்டி நின்று, கோட்டையைப் போலச் சுட்டுக்கொண்டே சாக வேண்டும் என்று உத்தரவு வந்தது. கப்பலுக்கு உரிய இடம் எது, தேருக்கு உரிய இடம் எது என்று வள்ளுவர் இடனறிதல் அதிகாரத்தில் பிரித்துக் காட்டினார். உலகின் மிகப் பெரிய போர்க்கப்பலுக்கு அன்று ஒதுக்கப்பட்ட இடம் ஒரு மணற்கரை. படைக்குத் தலைமை தாங்கவிருந்த செய்ச்சி இட்டோ முதலில் ஒப்பவில்லை. வீணான சாவு என்று நாசகாரிகளின் கேப்டன்களும் எதிர்த்தார்கள். சம்மதிக்கவைக்க வந்த தலைமை அலுவலர் குசாகா எடுத்துரைத்தது போர்ப்பயனை அன்று; நாடே சாகத் துணியும் வேளையில் அதற்கு முன்னோடியாக இருக்க வேண்டும் என்பதையே. யமாட்டோ என்பது ஜப்பானின் பழம்பெயர். அந்தப் பெயர் தாங்கிய கப்பல் துறைமுகத்தில் கிடந்து பகைவர் கையில் சிக்குவதைக் கடற்படையால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. கப்பலின் பீரங்கிக்குப் பயன் இல்லாமல் போன பிறகு, அதன் பெயருக்காகவே அதைச் செலவழித்தார்கள்.

ஏப்ரல் 7 நண்பகலுக்குப் பின் 300-க்கும் மேற்பட்ட அமெரிக்க விமானங்கள் அலையலையாக வந்தன. முசாஷியில் டார்பிடோக்கள் இருபக்கமும் பட்டதால் கப்பல் நேராக நின்று தாக்குப்பிடித்தது. இம்முறை விமானிகள் இடப்பக்கத்திலேயே தொடர்ந்து அடித்தார்கள். கப்பல் இடப்பக்கம் சாயச் சாய, அதை நிமிர்த்த வலப்பக்க அறைகளில் கடல்நீரைப் புகுத்த வேண்டியிருந்தது. அதற்கென்று வைத்திருந்த அறைகள் நிறைந்ததும், வலப்பக்க இயந்திர, கொதிகலன் அறைகளிலேயே தண்ணீரைத் திறந்துவிட்டார்கள். உள்ளே வேலைசெய்துகொண்டிருந்தவர்களில் பலருக்கு ஏறிவர நேரமில்லை. தன் உடலை நேராக வைத்துக்கொள்வதற்காகத் தன் ஆட்களையே மூழ்கடித்த அந்தக் கணத்தில், இந்தக் கப்பலின் முழு வரலாறும் அடங்கியிருக்கிறது என்று நான் எண்ணுகிறேன். பிற்பகல் 2:23-க்கு அது கவிழ்ந்து வெடித்தது. 3,300-க்கும் மேற்பட்டவர்களில் 300-க்கும் குறைவானவர்களே பிழைத்தார்கள். இட்டோவும் கேப்டன் அருகாவும் கப்பலோடு போனார்கள். யஹாகியும் நான்கு நாசகாரிகளும் உடன் அழிந்தன. அமெரிக்கர்கள் இழந்தது பத்து விமானங்கள், பன்னிரண்டு வீரர்கள்.

கடைசியாக இரண்டு மறுப்புகளுக்கு விடை சொல்ல வேண்டும். ஒன்று, அந்த உழைப்பு முற்றிலும் வீண்போகவில்லை என்பது. உண்மைதான். பகுதி பகுதியாகக் கட்டி இணைக்கும் முறையும் வேலைநேரத்தைத் திட்டமிடும் முறையும் குரேயில் யமாட்டோவைக் கட்டும்போது தேர்ச்சி பெற்றன. அதே தளத்தில்தான் 1950-களின் இறுதியில் ஒரு லட்சம் டன்னைத் தாண்டிய உலகின் முதல் எண்ணெய்க் கப்பல் உருவானது. ஜப்பானை உலகக் கப்பல் கட்டுமானத்தின் முன்னணிக்குக் கொண்டுவந்த கைகள் பல இதில் பழகியவை. ஆனால் இது திறமைக்குச் சான்று, திட்டத்துக்குச் சான்று அன்று. அந்தக் கைகள் எண்ணெய்க் கப்பல் கட்டியே பழகியிருக்கலாம். இரண்டாவது மறுப்பு உணர்ச்சியிலிருந்து வருவது: மாண்டவர்களின் தியாகத்தைக் கணக்குப் பிழை என்று சொல்லலாமா? குரேயில் 2005-இல் திறந்த அருங்காட்சியகத்தில் பத்தில் ஒரு பங்கு அளவிலான யமாட்டோவின் முன் நின்று கண்கலங்குபவர்களின் துயரம் உண்மையானது. உயிர்தப்பிய இளம் அதிகாரி மிட்சுரு யோஷிடா எழுதிய நினைவுநூலில், எதற்காகச் சாகிறோம் என்று கப்பலுக்குள்ளேயே இளைஞர்கள் வாதிட்டுக்கொள்வதைக் காண்கிறோம். அவர்களே கேட்ட கேள்வியை நாம் கேட்பது அவமதிப்பு ஆகாது. மாண்டவர்களின் துணிவும் அனுப்பியவர்களின் முடிவும் வேறு வேறு. முன்னதை மதிப்பதற்காகப் பின்னதை மன்னிக்க வேண்டியதில்லை.

அனுப்பியவர்களுக்கு விளைவு தெரியாது என்றும் சொல்ல முடியாது. புறப்படுவதற்கு முன், கடற்படைப் பள்ளியிலிருந்து அப்போதுதான் வந்து சேர்ந்திருந்த 67 பயிற்சி அதிகாரிகளை யமாட்டோவிலிருந்து கரையில் இறக்கிவிட்டார்கள். எங்களையும் அழைத்துச் செல்லுங்கள் என்று அவர்கள் கெஞ்சியும் கேட்கவில்லை. இந்தப் பயணத்தில் உயிர்கள் வீணாகும், இந்த இளைஞர்கள் நாட்டுக்கு இனிமேல் வேண்டும் என்று யாரோ சரியாகக் கணக்குப் போட்டிருந்தார்கள். 1922-இல் மூத்த கட்டோ போட்டதும் 1941-இல் இனோவே போட்டதும் இதே வகைக் கணக்குத்தான்: எது நம்மால் இயலும், எதை இழக்க நமக்கு வசதியில்லை என்பது. ஒப்பந்தத்தைக் கைவிட்ட பிறகு அந்தக் கணக்கு ஒரே ஒருமுறை, 67 பேருக்காக, ஏற்கப்பட்டது. அவர்களுக்குப் பொருந்திய நியாயம் கப்பலில் மீதியிருந்த 3,300 பேருக்கும் பொருந்தியதே.